மொட்டைமாடியில் மூன்று குழாய்

உலாத் ஸ்கீர், லராஷ் வட்டாரம்
பிப்ரவரி 4

அன்புள்ள ஹனியாவுக்கு,

உன் நாத்தனார் மஹ்ஜூபா எழுதிக்கொள்வது. அல்லாஹ்வின் சாந்தி உன்மேலும், உன்னோடு ஒரே அறையில் நெருக்கியடித்துப் படுத்திருக்கும் பெண்கள்மேலும் இறங்கட்டும். இங்கே எல்லோரும் நலம் என்று எழுதுவதுதான் முறை. பாதிப் பேர் நலம். உன் புருஷன் வழக்கம்போல.

போன் இருக்கும்போது இவள் எதற்குக் காகிதத்தைக் கெடுக்கிறாள் என்று நினைப்பாய். அந்தப் போன் என் தம்பியின் சட்டைப்பையைவிட்டு இறங்குவதில்லை. நீ கூப்பிட்டால் ஸ்பீக்கரில் போட்டுவிட்டு, நாம் பேசும் ஒவ்வொரு வார்த்தைக்கும் தலையாட்டிக்கொண்டு எதிரில் உட்கார்ந்துகொள்கிறான் ஜிலாலி. நான் சொல்ல நினைத்ததெல்லாம் ‘சாப்பிட்டியா, குளிருதா’ என்பதோடு முடிந்துபோகிறது. பார்சல் வேன் ஓட்டும் அல்லால் இருக்கிறானே, அவன் பதினைந்து நாளைக்கு ஒருமுறை ஸ்பெயினுக்கு, உங்கள் வெல்வா பக்கம் போகிறான். ரவைப் பையின் அடியில் இதைச் சொருகியிருக்கிறேன். நீயும் என் பெயருக்கு ஏதாவது அனுப்பி, அதற்குள் பதிலை வை. ஆறாம் வகுப்புவரை படித்ததற்கு நம் இருவருக்கும் இந்த ஒரு உபயோகமாவது இருக்கட்டும்.

வியாம் நன்றாக இருக்கிறாள். பள்ளிக்கூடம் விட்டதும் நேரே என் வீட்டுக்கு வந்துவிடுகிறாள். அவளும் என் மகள் சுக்கைனாவும் ஒரே தட்டில் சாப்பிட்டு, ஒரே போர்வைக்கு அடித்துக்கொள்கிறார்கள். எட்டு வயசுக்கு உன் மகளுக்கு வாய் ரொம்ப நீளம், அது உன்னிடமிருந்து வந்ததில்லை, என்னிடமிருந்து வந்தது. போன மாதம் நீ போனில் சொன்னாயே, உங்கள் தோட்டத்தில் ஒரு பக்கம் ஸ்ட்ராபெர்ரியைக் குழாய்களில் வைத்து நெஞ்சு உயரத்துக்குத் தூக்கி வளர்க்கிறார்கள், அங்கே பறிப்பவர்களுக்குக் குனிகிற வேலை இல்லை, உன்னைத்தான் தரைப் பாத்திக்கு அனுப்புகிறார்கள் என்று. அன்றிலிருந்து என் மண்டையைக் குடைகிறாள். “அத்தை, நம்ம வீட்லயே குழாயில வளத்தா அம்மா குனிய வேணாம்ல? அங்க போகவும் வேணாம்ல?” என்கிறாள். சரி வா, செய்து பார்ப்போம் என்று இறங்கிவிட்டேன்.

ஜிலாலி ஆறு வருஷமாகக் கட்டப்போகிற குளியலறைக்கென்று வாங்கிப்போட்ட சாக்கடைப் பைப்புகள் உங்கள் வீட்டுப் பின்னால் கிடந்தனவே, அதில் மூன்றை எடுத்துக்கொண்டேன். ஆளுயரம். பக்கவாட்டில் ரம்பத்தால் கீறி, அந்த இடத்தைத் தணலில் காட்டி, இளகியதும் ஒரு கண்ணாடிப் பாட்டிலைச் சொருகி அழுத்தினால் சட்டைப்பைபோல வாய் பிளந்துகொள்கிறது. ஒரு பைப்புக்குப் பன்னிரண்டு வாய். இரண்டு விரல் வெந்துபோனது, பரவாயில்லை. நடுவில் ஒரு மெல்லிய குழாய். அதில் ஆணியைக் காய்ச்சிப் பொத்தல் போட்டேன், தண்ணீர் அதன் வழியாக இறங்கும். கடற்கரை மணலும் ஆட்டுப்புழுக்கையும் கலந்து அடைத்தோம். நாற்றுக்கு எங்கே போவது? நான் வேலை பார்க்கிற ஸ்ட்ராபெர்ரி பேக்கிங் கொட்டகைக்குப் பின்னால், தாய்ச்செடியிலிருந்து ஓடுகிற கொடிகளை வெட்டி வரப்பில் வீசுகிறார்கள். தலைத்துணியில் முடிந்துகொண்டு வந்தேன். வாசல் காவலாளி, “என்ன மஹ்ஜூபா, தல வீங்கியிருக்கு?” என்று கேட்டான். “உன்னப் பாத்ததால வந்த தலவலி” என்று சொல்லிவிட்டு வந்தேன்.

மூன்று பைப்பையும் உங்கள் மொட்டைமாடியில் கைப்பிடிச் சுவரோடு சேர்த்துக் கம்பியால் கட்டி நிறுத்தினோம். என் வீட்டுக் கூரை தகரம், தாங்காது. ஜிலாலி மேலே வந்து பார்த்தான். “பொம்பளைங்க சேந்து யார் வீட்டச் சுடுறதுக்கு பீரங்கி வைக்கிறீங்க?” என்றான். நான், “குளிக்காதவன் வீட்டை” என்றேன். சிரித்துவிட்டுக் கீழே போய்விட்டான். சிரிக்கும்போது அவன் இன்னும் நல்லவன்தான் ஹனியா. நிலத்தைப் பெரிய தோட்டத்துக்காரர்களுக்குக் குத்தகைக்கு விட்ட பிறகு அந்தச் சிரிப்பு குறைந்துபோய்விட்டது. மனைவி கடல் தாண்டிச் சம்பாதிக்கிறாள் என்று காபிக்கடையில் எவனோ ஒருவன் தினமும் சொல்லிக்காட்டுகிறான். அதை வீட்டுக்குக் கொண்டுவந்து எங்கள்மேல் இறக்குகிறான்.

இன்னொரு விஷயம். ஸ்பெயின் வேலைக்கு ஆள் எடுக்கும் அடுத்த வருஷ லிஸ்டுக்கு, ஊர் அதிகாரி முகத்தமிடம் என் பெயரைக் கொடுத்துவிட்டேன். பதினாலு வயசுக்குள் பிள்ளை இருக்கிற தாயைத்தானே எடுக்கிறார்கள், பிள்ளையைப் பிணையாக வைத்தாற்போல. சுக்கைனாவுக்குப் பன்னிரண்டு முடிந்துவிட்டது. எனக்கு மிச்சம் இருப்பது அந்த ஒரு வருஷம்தான். புருஷன் மவுத்தான பிறகு இந்த ஒரு கதவுதான் எனக்குத் திறந்தது. அதனால் நம் ஊரிலிருந்து போன ஒன்பது பேரும் ஒழுங்காகத் திரும்பி வந்து ஆபீசில் கையெழுத்துப் போட வேண்டும். கப்பூரா ஊர் திரும்பாமல் அங்கேயே ஓடிப்போன பிறகு இரண்டு வருஷம் இந்த ஊரிலிருந்து ஒரு பெண்ணையும் எடுக்கவில்லையே, மறந்துவிடாதே. இன்றைக்கும் அவள் அம்மாவுக்கு யாரும் ஸலாம் சொல்வதில்லை. நானும் சொல்வதில்லை. நீ ஓடுகிற ரகம் இல்லை என்று எனக்குத் தெரியும். கல்யாணத்தின்போது, இந்த ஒட்டடைக்குச்சியா என் தம்பிக்கு என்று வாய்விட்டுச் சொன்னவள் நான்தான். ஒட்டடைக்குச்சிதான் இன்றைக்கு இந்தக் குடும்பத்தைத் தாங்கி நிற்கிறது, அதையும் நானே சொல்லிவிடுகிறேன்.

மேலே இருக்கிற செடி காய்கிறது, கீழே இருக்கிற செடி அழுகுகிறது. அங்கே எப்படி நடுகிறார்கள், எப்படித் தண்ணீர் விடுகிறார்கள் என்று பார்த்து எழுது. முடிந்தால் படம் போடு. இடுப்பைத் துணியால் இறுக்கிக் கட்டிக்கொண்டு குனி.

உன் உழைப்பில் பரக்கத் உண்டாகட்டும்.

இப்படிக்கு,
உன் நாத்தனார்
மஹ்ஜூபா


உலாத் ஸ்கீர்
மார்ச் 16

அன்புள்ள ஹனியாவுக்கு,

ஸலாம். உன் கடிதமும் படமும் சோப்புப் பெட்டிக்குள் பத்திரமாக வந்து சேர்ந்தன. சோப்பு வாசனையில் படிக்கப் படிக்கத் தும்மல்.

படத்தைப் பார்த்ததும் தலையில் அடித்துக்கொண்டேன். நடுக்குருத்து மண்ணுக்கு மேலே இருக்க வேண்டுமாமே! நான் கழுத்துவரை புதைத்து அமுக்கிவைத்தேன். பிறந்ததிலிருந்து புதினா நட்ட கை, புதினாவை எவ்வளவு ஆழமாக அமுக்கினாலும் அது சிரித்துக்கொண்டு வெளியே வரும். இந்த ராணியம்மாள் கழுத்தில் மண் பட்டாலே செத்துப்போகிறாள். முப்பத்தாறில் பதினொன்று அழுகிவிட்டது. மிச்சத்தை எல்லாம் ஈர்க்குச்சியால் நெம்பித் தூக்கிவிட்டேன். இத்தனை வருஷம் இந்தப் பழத்தைப் பெட்டியில் அடுக்கியவளுக்கு அது எப்படி முளைக்கிறது என்று தெரியவில்லை பார்.

அடுத்தது இலை ஓரமெல்லாம் தீய்ந்துபோயிற்று. நம் கிணற்றுத் தண்ணீரில்தான் உப்பு கரிக்கிறதே, பாத்தியில் என்றால் மழை வந்து கழுவிக்கொண்டு போகும், பைப்புக்குள் உப்பு அப்படியே தங்கிவிடுகிறது. இப்போது பள்ளிவாசல் குழாயிலிருந்து குடத்தில் கொண்டுவந்து ஊற்றுகிறோம். அந்தத் தண்ணீர் தொழுகைக்கு, பழத்துக்கு இல்லை என்று மோதினார் முணுமுணுத்தார். முதல் பழம் உங்களுக்குத்தான் என்று வியாம் அவரிடம் சத்தியம் செய்துகொடுத்தாள். முதல் பழம் போன வியாழக்கிழமை பழுத்தது. நான் பிஸ்மில்லாஹ் சொல்லி முடிப்பதற்குள் வாயில் போட்டுக்கொண்டாள் கள்ளி. மோதினாரைப் பார்த்தால் இப்போது சுற்றுவழியில் போகிறாள்.

பைப்பில் காதை வைத்துக்கொண்டு, தண்ணீர் சொட்டுச் சொட்டாக இறங்குவதைக் கேட்டபடி நெடுநேரம் நிற்கிறாள். என்னடி கேட்கிறது என்றால், “ஒண்ணுமில்ல அத்த” என்கிறாள். உன்னைத் தேடுகிறாள். என்னிடம் சொல்லமாட்டாள், நான் கிண்டல் செய்வேன் என்று பயம்.

சரி. படத்துக்குக் கீழே, ஓரத்தில், பொடி எழுத்தில் நீ எழுதியிருந்ததைப் பற்றி இப்போது சொல்கிறேன். மூன்று தடவை படித்தேன். கங்காணி உன்னை மட்டும் பெட்டி அறைக்குக் கூப்பிடுகிறான், கையைப் பிடிக்கிறான், போகாத நாளுக்கு மறுநாள் வேலை கொடுக்காமல் அறையிலேயே உட்கார வைக்கிறான் என்று. அவன் கை விளங்காமல் போகட்டும்.

ஆனால் ஹனியா, நான் சொல்வதைக் கேள். பொறுத்துக்கொள். இன்னும் ஐம்பது நாள்தான். தனியாக எங்கும் போகாதே. நம் ஊர் தாமு உன் அறையில்தானே இருக்கிறாள், அவள் முந்தானையைப் பிடித்துக்கொண்டே நட. அவன் கூப்பிட்டால் வயிற்றுவலி என்று சொல். மொழி புரியாதவள்போல நில். சத்தம் போட்டால் என்ன ஆகும் என்று உனக்கே தெரியும். பாதியில் அனுப்பிவிடுவார்கள், உலாத் ஸ்கீர் பெண்கள் தகராறுக்காரிகள் என்று எழுதிவைப்பார்கள், லிஸ்டு மொத்தமும் போகும். அந்த லிஸ்டில் நானும் இருக்கிறேன், அதை உன்னிடம் மறைக்க எனக்கு வெட்கமில்லை. கொட்டகையில் எனக்கும் இப்படி ஒருவன் இருந்தான். எந்தப் பெண்ணுக்குத்தான் இல்லை? ஊசியால் ஒருதரம் குத்தினேன், அதோடு விட்டுவிட்டான். நீயும் தலைத்துணியில் ஒரு ஊசி வைத்துக்கொள்.

போனில் நீ சரியாகப் பேசுவதில்லை என்று ஜிலாலி எரிந்து விழுகிறான். “அங்க என்ன ராணியாயிட்டாளா, ரெண்டு வார்த்த பேச மாட்டேங்கிறா” என்றான். வேலைக் களைப்பு என்று சொல்லிச் சமாளித்தேன். கொஞ்சம் சிரித்துப் பேசு, உனக்குப் புண்ணியமாகப் போகும். அவனிடம் நான் எதுவும் மூச்சு விடவில்லை. விடவும் மாட்டேன். இந்தக் கடிதத்தைப் படித்ததும் கிழித்துப்போடு.

உன்னைப் படைத்தவன் உன்னைக் கண் பார்க்கட்டும்.

இப்படிக்கு,
மஹ்ஜூபா


உலாத் ஸ்கீர்
மே 2

என் பிரியமுள்ள மனைவி ஹனியாவுக்கு,

உன் கணவன் ஜிலாலி, அக்கா மஹ்ஜூபாவின் கையால் எழுதுவது. அல்லாஹ்வின் கிருபையால் நான், மகள் வியாம், உற்றார் உறவினர் அனைவரும் நலமாக இருக்கிறோம். நீயும் அவ்வாறே நலமாக இருக்க துஆச் செய்கிறோம்.

அங்கே ஏதோ நடந்ததாக ஊரில் சிலர் பேசிக்கொள்கிறார்கள். நான் ஒரு வார்த்தைகூட நம்பவில்லை. ஊர் வாயை மூட முடியுமா? நீ என் மனைவி, உன்னை எனக்குத் தெரியும். உன்மேல் எனக்குக் கோபம் எதுவும் இல்லை என்பதை இதன் மூலம் தெரிவித்துக்கொள்கிறேன். போலீசில் கொடுத்த புகாரை வாபஸ் வாங்கிவிடு. வழக்கு, வக்கீல் எல்லாம் நம்மைப் போன்ற மரியாதையுள்ள குடும்பத்துக்கு வேண்டாம். பத்தாம் தேதி முதல் பஸ்ஸில் நம் ஊர்ப் பெண்களோடு புறப்பட்டு வந்துவிடு.

வியாம் உன்னைக் கேட்டுக்கொண்டே இருக்கிறாள். மாடியில் அக்கா வைத்த குழாய்களில் பழங்கள் செக்கச் செவேல் என்று காய்த்துத் தொங்குகின்றன. நீ வந்து உன் கையால் பறித்துக் கொடுத்தால்தான் சாப்பிடுவேன் என்று பிள்ளை அடம் பிடிக்கிறது. குளியலறையும் கட்ட ஆரம்பித்துவிட்டேன். நீ வரும்போது முடிந்திருக்கும்.

தான்ஜியர் துறைமுகத்துக்கு நானே நேரில் வருகிறேன். சித்தப்பா மகன் கார் தருகிறான். கப்பலிலிருந்து இறங்கியதும் ஊர்ப் பெண்களோடு மறுபடி பஸ்ஸில் ஏற வேண்டாம், நேரே என்னிடம் வா. யாரிடமும் சொல்ல வேண்டாம்.

அன்புடன்,
ஜிலாலி


உலாத் ஸ்கீர்
மே 3

ஹனியா,

இதைக் கதவைத் தாழிட்டுவிட்டு, யாருக்கும் கேட்காமல், வாய்க்குள் படி. தாமு பக்கத்தில் இருந்தால் கழிப்பறைக்குப் போய்ப் படி.

என் கையெழுத்தில் இன்னொரு கடிதம் இதே வண்டியில் வருகிறது. அதை ஜிலாலியே வேன்காரன் அல்லால் கையில் கொடுத்தான். எதை நீ முதலில் பிரித்தாய் என்று எனக்குத் தெரியாது. அதில் இருக்கும் கையெழுத்து மட்டும்தான் என்னுடையது. போனில் கூப்பிட்டால் நீ எடுப்பதில்லை என்று, அவன் எதிரில் உட்கார்ந்து சொல்லச் சொல்ல எழுதினேன். அவனுக்குத்தான் படிக்கத் தெரியாதே, எழுதி முடித்ததும் முகத்தமிடம் கொண்டுபோய் வாசித்துக் காட்டச் சொல்லிச் சரிபார்த்துக்கொண்டான். அதனால் ஒரு எழுத்தைக்கூட மாற்ற முடியவில்லை. அதில் உள்ள ஒன்றையும் நம்பாதே. குளியலறை கட்டவில்லை. குழாயில் பழம் இல்லை. குழாயே இல்லை.

நடந்ததைச் சொல்கிறேன். போன செவ்வாய்க்கிழமை காலையில் தாமு அவள் புருஷனுக்குப் போன் செய்திருக்கிறாள். நீயும் கெனித்ராக்காரி ஒருத்தியும், பெனி மெல்லாலிலிருந்து வந்த ஒருத்தியும் போலீசுக்குப் போய்விட்டீர்கள், இனி உங்களால் எல்லோருக்கும் கேடு என்று அழுதிருக்கிறாள். அவளுக்கு அவள் வேலை பயம். அவளைத் திட்டக்கூட எனக்கு வாய் வரவில்லை, நானும் அவளைப்போலத்தானே உனக்கு எழுதினேன். அவள் புருஷன் அதைக் கண் காது மூக்கு வைத்துக் காபிக்கடையில் சொல்லியிருக்கிறான். பூட்டிய அறைக்குள் கங்காணியோடு நீ இருந்தாய் என்பது மட்டும்தான் ஊருக்குப் புரிந்தது. யார் பூட்டினார்கள் என்று ஒருவனும் கேட்கவில்லை.

நானும் பிள்ளைகளும் மாடியில் இருந்தோம். இருபத்தைந்து செடியும் பிடித்துக்கொண்டு, கொத்துக் கொத்தாகக் காய்த்து, வியாம் அன்றைக்குப் பறிக்க ஒரு கிண்ணம் எடுத்துக்கொண்டு வந்திருந்தாள். ஜிலாலி படியேறி வந்தான். கம்பியை அறுத்தான். மூன்று பைப்பையும் ஒவ்வொன்றாகத் தள்ளிவிட்டு, ஒவ்வொரு செடியையும் குதிகாலால் தேய்த்தான். எவ்வளவு நேரம் ஆயிற்று தெரியுமா? அவசரமே இல்லாமல் தேய்த்தான். “வாப்பா, அது அம்மாவுக்கு, அம்மாவுக்கு” என்று வியாம் கத்தினாள். அவளை அவன் தொடவில்லை. என்னையும் தொடவில்லை. கத்தி ரகளை செய்திருந்தால்கூட நான் இவ்வளவு பயந்திருக்கமாட்டேன்.

கீழே போய்க் காலைக் கழுவிக்கொண்டு டீ கேட்டான். போட்டுக் கொடுத்தேன். ஒரு கிளாஸ் முழுசாகக் குடித்துவிட்டுச் சொன்னான்: “வரட்டும் அக்கா. கப்பல்லருந்து இறங்குவா. ஆனா வீடு வந்து சேர மாட்டா.” நான் என்னடா பேசுகிறாய் என்றேன். “நீ எழுது. நான் சொல்றத எழுது. எழுதலன்னா வியாமைக் கூட்டிக்கிட்டுப் போய்டுவேன், நீ பாக்கவே முடியாது” என்றான். அவனை என் இடுப்பில் தூக்கி வளர்த்தவள் நான். அவன் சும்மா மிரட்டுகிற முகமும் எனக்குத் தெரியும், நிஜமாகச் சொல்கிற முகமும் எனக்குத் தெரியும். இது நிஜம் ஹனியா. பிரசவத்துக்கு உன்னை ஆஸ்பத்திரியில் சேர்த்தபோதுகூட எட்டிப் பார்க்காதவன், உன்னைக் கூட்டிவரத் துறைமுகத்துக்குக் கார் எடுத்துக்கொண்டு வருகிறானாம். சித்தப்பா மகனும் கூட வருகிறான். இரண்டு பேரும் மூன்று நாளாகக் கூடிக் கூடிப் பேசுகிறார்கள், நான் போனால் நிறுத்திவிடுகிறார்கள்.

ஏப்ரல் கடைசியில் வந்த உன் கடிதத்துக்கு நான் பதில் போடவில்லை. “அவன் கதவைப் பூட்டிவிட்டான் அண்ணி, ஊசி வைத்திருந்தேன், உதவவில்லை” என்று எழுதியிருந்தாய். அதைப் படித்த பிறகு பேனாவைப் பிடிக்க எனக்குத் துணிவு வரவில்லை. பொறுத்துக்கொள் என்று உனக்கு எழுதியவள் நான். நான் அப்படி எழுதியது உன் நல்லதுக்கு இல்லை, என் பெயர் லிஸ்டில் இருந்ததற்காக. மார்ச் மாதமே கத்து, ஊரைக் கூட்டு, எவன் வந்தாலும் நான் பார்த்துக்கொள்கிறேன் என்று எழுதியிருந்தால் உனக்கு இது நடந்திருக்காது. என்னை மன்னித்துவிடு என்று கேட்கமாட்டேன். அது நீயாகத் தந்தால் தா. தராவிட்டாலும் உன்மேல் தப்பில்லை.

அந்தக் கடிதத்தில் இன்னொன்றும் எழுதியிருந்தாய். அந்த ஊர்ப் பெண் வக்கீல் ஒருத்தி உங்கள் மூவருக்கும் தங்க வீடு பார்த்துத் தருகிறேன், வழக்கு முடியும்வரை இங்கேயே இருங்கள் என்கிறாள், ஆனால் வியாமை நினைத்தால் சோறு இறங்கவில்லை, முதல் பஸ்ஸில் வந்துவிடப் போகிறேன் என்று. அதற்குத்தான் இந்தக் கடிதம்.

வராதே.

பத்தாம் தேதி பஸ்ஸிலும் வராதே, அதற்கடுத்த பஸ்ஸிலும் வராதே. நானே போனில் அழுது கூப்பிட்டாலும் வராதே, பக்கத்தில் அவன் நிற்பான். வியாமைப் பேச வைப்பான். அவள் குரலைக் கேட்டால் பையைக் கட்ட ஆரம்பித்துவிடுவாய், எனக்குத் தெரியும், அப்போதும் வராதே. அந்த வக்கீல் காட்டுகிற வீட்டுக்குப் போ. எந்த ஊர், எந்தத் தெரு என்று எனக்கும் எழுதாதே. எனக்குத் தெரியாததை என்னை அடித்தாலும் வாங்க முடியாது. நீதிபதி முன்னால் நின்று, அவன் கதவைப் பூட்டினான் என்று சத்தமாகச் சொல்.

வியாம் என் வீட்டில் இருக்கிறாள். ஜிலாலி இன்னொருத்தியைக் கட்டுவான், அவளுக்கு இந்தப் பிள்ளை பாரமாக இருக்கும், அப்போது என்னிடமே விட்டுவிடுவான். அதுவரைக்கும் நான் அவன் காலைப் பிடித்தாவது வைத்துக்கொள்வேன். பிள்ளையைச் சட்டப்படி அங்கே கூப்பிட்டுக்கொள்ள வழி இருக்கிறதா என்று வக்கீலிடம் கேள். இரண்டு வருஷம் ஆகலாம், ஐந்து வருஷம் ஆகலாம். சாப்பாடு, பள்ளிக்கூடம், ஒன்றிலும் சுக்கைனாவுக்கு ஒரு மாதிரி, அவளுக்கு ஒரு மாதிரி நடக்காது, இது அல்லாஹ்மேல் ஆணை. அம்மா ஏன் வரவில்லை என்று கேட்பாள். உன் அம்மாவை வரவேண்டாம் என்று சொன்னது நான்தான் என்று சொல்லிவிடுவேன். வெறுப்பதென்றால் என்னை வெறுக்கட்டும், நான் பக்கத்தில்தானே இருக்கிறேன், வெறுக்க வசதியாக இருக்கும்.

ஊரைப் பற்றி நினைக்காதே. நீ வராவிட்டால் லிஸ்டு போகும். முகத்தம் என் வாசலில் நின்று கத்துவான். எட்டுப் பெண்களின் வீட்டார் என்னைச் சபிப்பார்கள். எனக்கும் யாரும் ஸலாம் சொல்லமாட்டார்கள். நேற்று அஸர் தொழுகைக்குப் பிறகு கப்பூராவின் அம்மா வீட்டுக்குப் போய் ஸலாம் சொன்னேன். அந்த அம்மாள் என்னை ஏற இறங்கப் பார்த்தாள். கதவை மட்டும் திறந்து விட்டாள். அவளோடு அரைமணி நேரம் பட்டாணி உரித்துக்கொடுத்துவிட்டு வந்தேன்.

பத்தாம் தேதி காலையில் உங்களை வெளியில் வரிசையாக நிறுத்தி, காகிதத்தைப் பார்த்து ஒவ்வொரு பெயராகக் கூப்பிடுவார்கள். போய் வந்தவர்கள் சொல்லியிருக்கிறார்கள், வராதவள் பெயரை மூன்று தரம் கூப்பிடுவார்களாம். அந்த நேரத்தில் நீ அங்கே இல்லாமல் இருப்பது நல்லது. ஒருவேளை இருந்துவிட்டால், மூன்றாவது தரம் கூப்பிடும்போது மகள் முகம் கண்ணில் நிற்கும், கை தானாக மேலே போகப் பார்க்கும். கையைக் கட்டிக்கொள் ஹனியா. தரையைப் பார்த்துக்கொண்டு நில். பஸ் கிளம்பிப் போகட்டும்.

அல்லாஹ் உன்னை எங்கள் எல்லோரிடமிருந்தும் காப்பாற்றட்டும்.

இப்படிக்கு,
உன் நாத்தனார்
மஹ்ஜூபா